தையல்காரரின் ஒரு நாள்: எடுத்த ஷாட்கள் ஒன்றோடொன்று ஒட்டவே மாட்டேங்குது

கத்தரிவெட்டு:
பேட்டி, பின்னணிக் குரல், இசை எதுவும் இல்லாமல் ஒரு தையல்காரரின் அன்றாடம், 20 நிமிடப் படம். ஆள் நான் ஒருத்தன்தான். 50 எம்எம் லென்ஸ், கேமரா மேலேயே மைக். ஆறு மணி நேர ஃபுட்டேஜ் இருக்கு. அவர் அடிக்கடி கேமராவைப் பார்க்கிறார், டியூப் லைட்டில் பட்டை ஓடுது, எடிட்டிங் டைம்லைனில் போட்டால் எல்லாம் துண்டு துண்டா நிக்குது. தூரமா நின்னு 135 எம்எம்மில் எடுத்தா இயல்பா வருமா?

நடுப்பெஞ்சு:
135 வேணாம். ஒளிஞ்சு பார்க்கிற மாதிரி தெரியும், மைக்கும் உங்களோட சேர்ந்து தூரமாப் போயிடும். 35 எம்எம் போட்டு, 2 மீட்டரில், அவர் கண் மட்டத்துக்கு உட்காருங்க. நின்னுக்கிட்டே இருக்கிற ஆளைத்தான் திரும்பித் திரும்பிப் பார்ப்பாங்க. ஃபுல் ஃபிரேம் கேமரான்னா (பெரிய சென்சார் உள்ளது) லென்ஸ் துவாரத்தை எஃப் 5.6-இல் வெச்சு ஃபோகஸை 2 மீட்டரில் நிறுத்துங்க, சுமார் 1.6 மீட்டர்லேருந்து 2.7 வரை தெளிவா இருக்கும். ஆட்டோ ஃபோகஸ் துணியை உதறினா துணிக்குத் தாவும், முகத்துக்குத் திரும்பி வர்றதுக்குள்ள ஷாட் போச்சு.

அவர் பார்த்தா பதிலுக்குச் சிரிக்காதீங்க, திரையையே பாருங்க. பதிவு விளக்கை மெனுவில் அணைச்சுடுங்க.

பட்டைக்கு: 50 ஹெர்ட்ஸ் மின்சாரம்னா விநாடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் வேகம் 1/50 அல்லது 1/100. 60 ஹெர்ட்ஸ்னா 1/60. சில எல்இடி விளக்குகள் இதுக்கும் அடங்காது. அங்கே ஜன்னல் பக்கம் போறதுதான் வழி.

செவிவழி:
ஒட்டாததுக்குப் பாதிக் காரணம் ஒலி. கேமரா மைக் நீங்க நகர நகர மாறுது; ஷாட் மாறுற ஒவ்வொரு வெட்டிலும் மெஷின் சத்தம் கூடிக் குறையும், கண் அதை வெட்டுன்னு பிடிச்சிடும். அவர் சட்டைக்குள்ள ஒரு லேப்பல் மைக் (துணியில் குத்துற சின்ன மைக்), மெஷின்லேருந்து ஒரு மீட்டர் தள்ளி ஒரு சின்ன ரெக்கார்டர். ரெக்கார்டரை மெஷின் மேஜையில வைக்காதீங்க, அதிர்வு ஏறும், அடியில மடிச்ச துணி போடுங்க. பேச்சு ஒலி அளவுகாட்டியில மைனஸ் 12 டிபி பக்கம் நிக்கட்டும். மின்விசிறி ஓடும்போது ஒரு நிமிஷம், நின்னபிறகு ஒரு நிமிஷம் வெறும் அறைச் சத்தம் தனியா எடுங்க.

ரேடியோ ஓடினா நிறுத்தச் சொல்லுங்க. நடுவில் வெட்டினா பாட்டு குதிக்கும், உரிமைப் பிரச்சினை வேற.

நடுப்பெஞ்சு:
ரேடியோ விஷயத்துல ஒத்துக்க மாட்டேன். அதோடதான் அவர் வேலை செய்யறார்னா அதை நிறுத்தினபிறகு எடுக்கிறது வேற அறை. ஒலியைச் சின்னதா வைக்கச் சொல்லலாம், அவ்வளவுதான்.

செவிவழி:
சரி, சின்னதா. ஆனா ஒரு மணி நேரமாவது ரேடியோ இல்லாத ஒலி கையில இருக்கணும்.

மேஜைவிளக்கு:
மீதிப் பாதி, ஷாட்டை எப்போ தொடங்கி எப்போ நிறுத்துறீங்க என்பது. சுவாரசியமானதும் பொத்தானை அமுக்கினா முன்பாதி போயிருக்கும். 16 எம்எம் ஃபிலிமில் 400 அடி ரோல் 11 நிமிஷம்தான், யோசிச்சுத்தான் ஓட்டியாகணும். மெமரி கார்டில் அந்தக் கட்டாயம் இல்லை, இருந்தும் பத்து விநாடித் துணுக்குகளா எடுக்கிறோம்.

ஊசியில் நூல் கோர்க்கிறதை எடுத்துக்குங்க. நுனியை எச்சில் தொட்டு முறுக்குகிறார், தவறுது, கண்ணாடியை நெற்றிக்கு ஏத்திட்டு மறுபடி. கோர்த்த நொடி மட்டும் இருந்தா எடிட்டில் பயனில்லை. நூல்கண்டை எடுக்கும்போதே ஓட விட்டு, முடிச்சுப் போட்டபிறகும் பத்து விநாடி கேமராவை அசைக்காம பிடிங்க. ஜூம் கிட்டயே போகாதீங்க.

அவர் அதே வேலையை மறுபடி செய்யும்போது கையை மட்டும் ஒரு தடவை, வாடிக்கையாளர் பேசும்போது கேட்டுக்கொண்டிருக்கும் அவர் முகத்தை ஒரு தடவை. பேசுறவரையே துரத்தினா வெட்ட இடமே கிடைக்காது. திரும்பச் செய்யச் சொல்லாதீங்க. சட்டைக்கு ஏழு பட்டன் வெச்சா ஏழு வாய்ப்பு.

விநாடிக்கு 100 மெகாபிட்டில் எடுத்தா மணிக்கு 45 ஜிபி ஆகும். அன்றன்றைக்கே ரெண்டு டிரைவில் ஏத்தி, ஷாட் ஷாட்டா எழுதி வைங்க.