சிடி ரிப்போர்ட்டில் ‘ஸ்ட்ரையேட்டட் நெஃப்ரோகிராம்’ என்று இருக்கிறது, கட்டியா?

கேள்வி:
அம்மாவுக்கு வயது 58, சர்க்கரை உண்டு. நாலு நாளாக நடுக்கத்தோடு காய்ச்சல், வலது விலாவுக்குக் கீழே முதுகுப் பக்கம் வலி. கான்ட்ராஸ்ட் ஏற்றி சிடி எடுத்தார்கள். ரிப்போர்ட்டில் வலது சிறுநீரகத்துக்கு இப்படி எழுதியிருக்கிறது. இரண்டு நாளாகத் தூக்கமே இல்லை, யாராவது சொல்லுங்கள்.

பதில்:
சிடி பிரிவில் வேலை பார்க்கிறேன். அந்தச் சொல்லுக்குக் கட்டி என்று பொருள் இல்லை. கான்ட்ராஸ்ட் என்று ஊசியில் ஏற்றும் அயோடின் மருந்து முதலில் சிறுநீரகத்தின் வெளி ஓரத்தை வெளுப்பாகக் காட்டும், சுமார் 100 நொடியில் உள்பகுதியும் சேர்ந்து ஒரே சீராக வெளுக்க வேண்டும். கிருமித்தொற்று வந்தால் நுண்குழல்கள் அடைபட்டு, திசு வீங்கி, ரத்த ஓட்டமும் குறைந்துவிடுவதால் சில இடங்களுக்கு மருந்து சரியாகப் போகாது, அதுதான் விசிறி மடிப்பு மாதிரி கோடு கோடாகத் தெரிகிறது.

பதில்:
சரியாகச் சொன்னார். ஆனால் இதே கோடுகள் கல் அடைப்பிலும், சிறுநீரகச் சிரையில் ரத்தம் உறைந்தாலும், அடிபட்டாலும் வரும். காய்ச்சலும் வலியும் இருப்பதால் தொற்றுதான் முதலில் நினைவுக்கு வரும். சர்க்கரை இருப்பதால் சிறுநீரகத்தில் சீழ்க்கட்டியோ காற்றோ இருப்பதாக எழுதியிருக்கிறார்களா என்று பாருங்கள். தொற்றோடு கல் அடைப்பும் இருந்தால் காத்திருக்கவே கூடாது, அடைபட்ட சிறுநீரை உடனே வடிக்க வேண்டும். எந்தக் கிருமி என்று பார்க்கும் சிறுநீர் கல்ச்சர் பரிசோதனைக்குக் கொடுத்தாயிற்றா?

கேட்டவர்:
கொடுத்தாயிற்று. கல் இல்லை, சீழ் இல்லை என்று கீழே எழுதியிருக்கிறது, இப்போதுதான் கவனித்தேன். ஆன்டிபயாடிக் ஊசி நேற்றே ஆரம்பித்துவிட்டார்கள். ரொம்ப நன்றி.

பதில்:
நல்லது. அப்புறம், ஊசி ஆரம்பித்து மூன்று நாளாகியும் காய்ச்சல் விடவில்லை என்றால் டாக்டரிடம் மறுபடி ஸ்கேன் பற்றிக் கேளுங்கள்.