தம்பிக்குக் கலை இயக்குநர் ஆக ஆசை, வழி சொல்லுங்கள்

வணக்கம். பென்னாகரத்திலிருந்து எழுதுகிறேன். தம்பி பிளஸ் டூ முடித்துவிட்டான். ஊர்த் திருவிழா நாடகத்துக்குத் தெர்மாகோல், சாக்குத்துணி, சுண்ணாம்பு வைத்து அவனே கோட்டை வாசல் செய்தான். பத்தடி தள்ளி நின்று பார்த்தால் கருங்கல்லேதான்! ‘நாயகன்’ படத்துக்காகச் சென்னையில் தாராவியை செட்டாக எழுப்பிய தோட்டா தரணி அதற்குத் தேசிய விருது வாங்கினார் என்று தெரிந்ததிலிருந்து சினிமா கலை இயக்கம்தான் அவன் பேச்சு.

அப்பாவுக்குப் பயம், எனக்கு நம்பிக்கை. சென்னை அரசு கவின்கலைக் கல்லூரியில் சேர்க்கலாம் என்று நினைக்கிறேன். கலை இயக்குநர் சாபு சிரில் படித்த இடம். நுழைவுத் தேர்வில் என்னென்ன வரையச் சொல்வார்கள்? இல்லை, நேரே ஒரு கலை இயக்குநரிடம் உதவியாளராகச் சேர்வது நல்லதா? அப்புறம், முதல் சில வருடம் கைச்செலவுக்காவது சம்பளம் வருமா? தர்மபுரி, கிருஷ்ணகிரிப் பக்கமிருந்து போய் இந்த வேலை செய்பவர்கள் இருந்தால் தயவுசெய்து எழுதுங்கள்.