சோயுஸ் 11: மூவரைக் கொன்றது வால்வா, மூன்றாவது இருக்கையா?

வால்மீன்:
நேற்று வேறொரு இழையில் ஒருவர், "சோயுஸ் 11 விபத்து ஒரு வால்வுக் கோளாறு. அதற்கு யாரையும் குறை சொல்ல முடியாது" என்று எழுதிவிட்டுப் போய்விட்டார். எனக்கு மனசு ஆறவில்லை. அதனால்தான் இந்தத் தனி இழை.

கதை தெரியாதவர்களுக்கு: 1971 ஏப்ரல் 19-இல் சோவியத் ஒன்றியம் உலகின் முதல் விண்வெளி நிலையமான சல்யூத் 1-ஐ ஏவியது. நான்கு நாள் கழித்து ஆட்களை ஏற்றிக்கொண்டு போன சோயுஸ் 10 கலம் சரியாக இணைய முடியாமல், ஆட்கள் உள்ளே நுழையாமலே திரும்பிவிட்டது. ஜூன் 6-இல் சோயுஸ் 11-இல் டோப்ரோவோல்ஸ்கி, வோல்கோவ், பட்சாயெவ் போனார்கள். மூன்று வாரத்துக்கு மேல் நிலையத்தில் வாழ்ந்தார்கள். ஜூன் 30 அதிகாலை கலம் பாராசூட்டில் கசகஸ்தானில் ஒழுங்காக இறங்கியது. மீட்புக்குழு போய்ப் பக்கவாட்டில் தட்டிப் பார்த்தது. உள்ளிருந்து பதில் இல்லை. திறந்தால் மூவரும் அசையாமல் கிடந்தார்கள். டோப்ரோவோல்ஸ்கியின் உடலில் இன்னும் சூடு இருந்தது.

திரும்பும் வழியில், 168 கி.மீ. உயரத்தில் கலத்தின் பகுதிகள் பிரிந்தபோது ஒரு வால்வு திறந்துகொண்டு உள்ளிருந்த காற்று வெளியேறிவிட்டது. தரையை நெருங்கிய பிறகு வெளிக்காற்றை உள்ளே விட வேண்டிய வால்வு அது. கலத்தில் காற்று போனாலும் உயிர் காக்கும் அழுத்த உடையை மூவரும் போட்டிருக்கவில்லை. மூன்று பேர் உட்கார்ந்தால் உடைக்கு இடம் கிடையாது. அந்த முடிவை எடுத்தவர்களுக்குப் பொறுப்பே இல்லையா?

தென்திசை:
அந்த ஒருவர் நான்தான். நான் எழுதியதில் இன்னும் உறுதியாக இருக்கிறேன்.

பகுதிகளைப் பிரிக்கும் வெடிமருந்து ஆணிகள் ஒன்றன்பின் ஒன்றாக வெடிக்க வேண்டும். அன்று எல்லாம் ஒரே நேரத்தில் வெடித்தன. அந்த அதிர்ச்சியில் வால்வு திறந்தது. சோயுஸ் அதற்கு முன்பும் பலமுறை ஆட்களுடன் போய்வந்த கலம், ஒரு தடவைகூட இப்படி நடந்ததில்லை.

உடை இல்லாமல் பறந்தது சோவியத்துக்காரர்கள் மட்டுமா? நிலாவிலிருந்து திரும்பிய அப்பல்லோ வீரர்களும் பூமிக்குள் நுழையும்போது அழுத்த உடை போட்டுக்கொள்ளவில்லை. அமெரிக்காவின் ஷட்டில் விண்கலங்களில் 1982 முதல் 1986 சேலஞ்சர் விபத்து வரை சாதாரண உடையில்தான் போனார்கள். அன்றைய பொறியாளர்கள் எல்லாருமே கேபின் தாங்கும் என்று நம்பினார்கள். நடந்து முடிந்த பிறகு 50 வருடம் தள்ளி உட்கார்ந்து தீர்ப்புச் சொல்வது நியாயமில்லை, நண்பரே.

வால்மீன்:
அப்பல்லோவை நீங்களே எடுத்தது நல்லதாகப் போயிற்று. அவர்கள் ஏறும்போது உடையோடுதான் ஏறினார்கள். உடை கலத்திலேயே இருந்தது. போடுவதா வேண்டாமா என்று முடிவெடுக்க அவர்களால் முடிந்தது. டோப்ரோவோல்ஸ்கிக்கு அந்த வாய்ப்பே இல்லை.

விபத்துக்குப் பிறகு என்ன செய்தார்கள் என்று பாருங்கள். வால்வைத் திருத்தினார்கள், சரி. கூடவே ஒரு இருக்கையையும் எடுத்தார்கள். 1973 செப்டம்பரில் சோயுஸ் 12 இரண்டே பேருடன், இருவருக்கும் சோக்கோல் என்ற அழுத்த உடையுடன் போனது. மூன்று பேர் மறுபடி ஒன்றாக ஏறியது 1980-இல், சோயுஸ் டி என்ற புது வகைக் கலம் வந்த பிறகுதான். உடை இருக்க வேண்டிய இடத்தில்தான் மூன்றாமவர் உட்கார்ந்திருந்தார் என்பதை அவர்களே ஒப்புக்கொண்ட மாதிரி இல்லையா இது?

நிலாமகள்:
வால்மீன் அண்ணா, அந்த விளக்கு விஷயத்தையும் சொல்லுங்களேன். முதன்முதலில் படித்த அன்றைக்கு எனக்குத் தூக்கம் வரவில்லை.

வால்மீன்:
சொல்கிறேன் தங்கச்சி. நிலையத்தை விட்டுக் கிளம்பும்போது கதவை மூடினார்கள். "கதவு திறந்திருக்கிறது" என்ற எச்சரிக்கை விளக்கு அணையவில்லை. திறந்து மூடிப் பார்த்தார்கள், மறுபடியும் எரிந்தது. கதவு நன்றாகத்தான் மூடியிருக்கிறது, உணரிதான் தகராறு என்று கடைசியில் தெரிந்தது. அதன் மேல் ஒரு துண்டு ஒட்டி அழுத்தியதும் விளக்கு அணைந்தது. எல்லாரும் மூச்சு விட்டார்கள்.

அப்புறம் காற்று கசியத் தொடங்கியபோது அவர்களுக்கு முதலில் எது நினைவுக்கு வந்திருக்கும்? அந்தக் கதவுதான். மீட்டவர்கள் பார்த்தபோது வானொலிக் கருவிகள் அணைக்கப்பட்டிருந்தன, இருக்கைப் பட்டைகள் அவிழ்ந்திருந்தன. சீறல் எங்கிருந்து வருகிறது என்று காது கொடுத்துக் கேட்டிருக்கிறார்கள் என்றுதான் அதற்கு அர்த்தம்.

பழைய ஃபிட்டர்:
தம்பிகளா, எனக்கு ராக்கெட் தெரியாது. ஒரு ஆலையோட பாய்லர் ஹவுஸ்ல 22 வருசம் வால்வு வேலை பார்த்தவன். அந்தக் கதவு சமாச்சாரம் எனக்கு நல்லாவே புரியுது.

ஒரு தடவை ராத்திரி ஷிஃப்ட்ல நீராவி சீறுற சத்தம். அதே நாள் காலைல ஒரு ஜாயின்ட்டுக்குப் புது கேஸ்கெட் போட்டிருந்தேன். சத்தம் கேட்டதும் கால் நேரா அங்கதான் ஓடுச்சு. தொட்டுப் பார்த்தா அது கல்லு மாதிரி இருக்கு. கசிஞ்சது எட்டடி தள்ளி வேற லைன். சின்ன அறைக்குள்ள சத்தம் சுவத்துல பட்டுச் சுத்தும், திசையே பிடிபடாது. நான் கண்டுபிடிக்க ரெண்டு நிமிசம் ஆச்சு. எனக்கு மூச்சு விடக் காத்து இருந்துச்சு. அந்தப் பிள்ளைங்களுக்கு அதுவும் இல்ல.

அந்த வால்வைக் கையால மூட எவ்வளவு நேரம் ஆகும்னு யாராவது சொல்லுங்க.

வால்மீன்:
ஐயா, முழுதாக மூட ஏறத்தாழ ஒரு நிமிடம். வால்வு இருக்கைக்கு அடியில். காற்று போகிற வேகத்தில் அதற்கு முன்பே நினைவு தப்பியிருக்கும். பட்சாயெவ் அதைப் பாதி வரை மூடியிருந்ததாகச் சொல்கிறார்கள்.

பழைய ஃபிட்டர்:
அப்போ என் கருத்து இதுதான். அவசரத்துல மூட வேண்டியதை கை எட்டாத இடத்துல வைக்கிறது தப்பு. நம்ம வேலைல அப்படி வச்சா சூப்பர்வைசர் பிரிச்சுப் போடச் சொல்லுவாரு. உடை இல்லன்னா வால்வு கைக்குப் பக்கத்துல இருந்திருக்கணும். ரெண்டுல ஒண்ணுகூட இல்லையே.

தென்திசை:
ஐயா சொல்வதை ஏற்கிறேன். வால்வு வைத்த இடம் தவறு. ஆனால் இந்த அளவுகோலைப் பிடித்தால் அந்தக் காலத்தில் ஒருவரும் கிளம்பியிருக்க முடியாது. 1975 ஏப்ரலில் சல்யூத் 4-க்குக் கிளம்பிய லசாரெவும் மகாரோவும் ராக்கெட் அடுக்கு பிரியாமல் பாதியில் விழுந்து, புவியீர்ப்பைப் போல 20 மடங்குக்கு மேல் (20 ஜி) விசையில் நசுங்கி, அல்தாய் மலைப் பனிச்சரிவில் போய் இறங்கினார்கள். 1976-இல் சோயுஸ் 23 இருட்டில், பனிப்புயலில் தெங்கிஸ் ஏரிக்குள் விழுந்தது. நனைந்த பாராசூட் கலத்தைக் கவிழ்த்துப் பிடித்துக்கொண்டது. சூடோவும் ரோஷ்தெஸ்த்வென்ஸ்கியும் விடியும்வரை உறைகிற குளிரில் உள்ளேயே கிடந்தார்கள். கடைசியில் ஹெலிகாப்டர் கலத்தைக் கரைக்கு இழுத்துக்கொண்டு போனது. அமெரிக்காவின் ஸ்கைலாப் மட்டும் என்ன? 1973 மே 14-இல் ஏவும்போதே கவசம் பிய்ந்துபோய் நிலையம் அடுப்பாகக் கொதித்தது. கொன்ராட் குழு போய்க் குடை மாதிரி ஒன்றை விரித்துத்தான் அதைக் குளிர வைத்தது.

ஆபத்து தெரிந்தேதான் போனார்கள். அவர்களைப் பலியாடுகளாக்கிப் பேசினால் அவர்கள் துணிவைக் குறைக்கிறோம் என்று எனக்குப் படுகிறது.

வால்மீன்:
அவர்கள் துணிவை நான் ஒரு சொல்லால்கூடக் குறைக்கவில்லை. நீங்கள் சொன்ன எல்லாரும் உயிரோடு வந்தார்கள், அதைக் கவனியுங்கள். ஒன்று கெட்டால் இன்னொன்று காப்பாற்ற இருந்தது. 1983 செப்டம்பர் 26-இல் சல்யூத் 7-க்குக் கிளம்ப இருந்த ராக்கெட் ஏவுமேடையிலேயே தீப்பிடித்தது. ராக்கெட் உச்சியில் இருந்த தப்பிக்கும் கோபுரம் தித்தோவையும் ஸ்ட்ரெக்கலோவையும் பிய்த்துக்கொண்டு போய் நாலு கி.மீ. தள்ளி இறக்கியது. ஆறே மாதத்தில், 1984 ஏப்ரல் 3, அதே ஸ்ட்ரெக்கலோவ் சோயுஸ் டி-11-இல் ஏறினார். கூட இருந்தவர்கள் மலிஷெவும் நம்முடைய ராகேஷ் சர்மாவும். மூன்று பேர், மூவருக்கும் சோக்கோல் உடை.

1971-இல் அப்படி இரண்டாவது காவல் இல்லை. என் கோபமெல்லாம் அதில்தான்.

நிலாமகள்:
இன்னொன்று. சோயுஸ் 11-இல் போன மூவரும் மாற்றுக்குழு. லியோனவ், குபாசோவ், கொலோதின்தான் போக வேண்டியவர்கள். கிளம்பச் சில நாள் இருக்கும்போது குபாசோவின் எக்ஸ்ரேயில் நுரையீரலில் ஒரு புள்ளி தெரிய, மொத்தக் குழுவையும் மாற்றிவிட்டார்கள். ஜூன் 19-இல் பட்சாயெவுக்கு 38 வயது, விண்வெளியில் பிறந்தநாள் கொண்டாடிய முதல் மனிதர். அதற்கு 11 நாள் கழித்து இப்படி.

தென்திசை:
மூன்றாவது இருக்கை பற்றி இனி வாதாட மாட்டேன், வால்மீன். நேற்று எழுதிய "யாரையும் குறை சொல்ல முடியாது" என்பதைத் திரும்பப் பெறுகிறேன்.

ஆனால் போனது தவறு என்று மட்டும் ஒப்புக்கொள்ள மாட்டேன். அந்த ஜூனில், எடையற்ற நிலையில் நெடுநாள் இருந்ததால்தான் இதயம் நின்றுவிட்டதோ என்று மருத்துவர்கள் பயந்தார்கள். கலத்தில் இருந்த பதிவுக்கருவி காற்றழுத்தம் விழுந்ததைக் காட்டிய பிறகுதான் அந்தப் பயம் விலகியது. நெடுநாள் இருப்பது ஆளைக் கொல்லவில்லை என்று ஆனது. இரண்டு வருடத்தில் ஸ்கைலாபில் முதல் குழு 28 நாள், அடுத்தது 59, அதற்கடுத்தது 84 நாள் இருந்துவிட்டு வந்தார்கள்.