உதவி தேவை: இரு நிலவுகள் உள்ள கற்பனை உலகின் நாட்காட்டி ஐந்தாம் ஆண்டிலேயே பிசகுகிறது

கேள்வி:

வணக்கம். நான் எழுதிவரும் மிகுபுனைவுத் தொடர்கதையின் உலகில் ஓர் ஆண்டுக்கு 400.35 நாட்கள். பெருநிலவு 33.2 நாட்களுக்கு ஒரு முறையும் சிறுநிலவு 20 நாட்களுக்கு ஒரு முறையும் நிறைகின்றன. இஸ்லாமியரின் ஹிஜ்ரி நாட்காட்டியில் மாதங்கள் 30, 29 என்று மாறி மாறி வருவதைப் பார்த்து, நானும் 34, 33 என்று மாற்றி மாற்றிப் பன்னிரண்டு மாதங்களை வைத்தேன். முதல் ஆண்டில் கதிர் மாதத்தின் 17ஆம் நாள் பௌர்ணமியில் அறுவடைத் திருவிழா நடக்கிறது. அன்று இரு நிலவுகளும் ஒன்றாக நிறைகின்றன. ஆனால் கதை நாற்பது ஆண்டுகள் நீள்கிறது. கைப்பிரதியைப் படித்த நண்பர் கணக்குப் போட்டு, ஐந்தாம் ஆண்டிலேயே 17ஆம் நாள் ஏறத்தாழ அமாவாசை ஆகிவிடுகிறது என்றும், இருபது ஆண்டுகளில் கதிர் மாதம் அறுவடைக்கு ஒரு மாதம் பிந்திவிடுகிறது என்றும் காட்டினார். நிலவுகளின் கால அளவை மாற்றாமல் இதைச் சரிசெய்ய வழி உண்டா?

மறுமொழி 1:

பிழை மாதங்களை மாற்றி மாற்றி வைத்ததில்தான் இருக்கிறது. நம் நிலவின் சுற்று 29.53 நாட்கள் என்பதால், 30க்கும் 29க்கும் சராசரியான 29.5 அதற்கு மிக நெருங்கி வருகிறது. எஞ்சும் சிறு குறையை, கணக்கீட்டு முறை ஹிஜ்ரி நாட்காட்டியில் முப்பது ஆண்டுகளுக்குப் பதினொரு மிகுநாட்களைச் சேர்த்து ஈடுசெய்கிறார்கள். உங்கள் சராசரியோ 33.5, மாதத்துக்கு 0.3 நாள் கூடுதல். ஐந்து மாதங்களில் ஒன்றுக்கு மட்டும் 34 நாட்களும் மற்ற நான்குக்கும் 33 நாட்களும் கொடுத்தால் 33.2 துல்லியமாக வந்துவிடும். அப்போது பன்னிரண்டு மாதங்களுக்கு 398.4 நாட்களே ஆவதால், 17 ஆண்டுகளுக்கு ஒரு முறை பதின்மூன்றாம் மாதம் ஒன்றைச் சேருங்கள். 17 ஆண்டுகளுக்கு 6805.95 நாட்கள், 205 மாதங்களுக்கு 6806 நாட்கள். இவ்வளவு நெருக்கம் நம் பூமிக்கே வாய்க்கவில்லை.

மறுமொழி 2:

கணக்கு சரி. ஆனால் அந்தப் பதின்மூன்றாம் மாதத்தை எப்போது சேர்ப்பது என்று அறிவிப்பவர் யார் என்பதையும் நீங்கள் முடிவுசெய்ய வேண்டும். பண்டைய ரோமில் அந்த உரிமை பூசாரிகளிடம் இருந்தது. அவர்கள் அரசியல் வசதிக்கேற்பச் சேர்த்தும் விட்டும் வந்ததால் ஏற்பட்ட குளறுபடியைச் சீர்செய்ய, கி.மு. 46ஆம் ஆண்டுக்கு 445 நாட்கள் கொடுக்க நேர்ந்தது.

கேட்டவர்:

இருவருக்கும் நன்றி. பூசாரிகள் நுழைந்தால் அது வேறு கதையாகிவிடும் என்று அஞ்சுகிறேன். மேலும் 17 ஆண்டு இடைவெளியில் அறுவடை நாள் முன்னும் பின்னும் ஒரு மாத அளவுக்கு அலையும் அல்லவா?

மறுமொழி 3:

அப்படியானால் நம் வீட்டுச் சுவரில் தொங்கும் தமிழ் நாட்காட்டியின் வழியைப் பின்பற்றுங்கள். அதில் மாதம் சூரியனைப் பின்பற்றுகிறது. தைப்பூசம் போன்ற விழாக்கள் மட்டும் அந்த மாதத்துக்குள் நிலவையும் நட்சத்திரத்தையும் பின்பற்றுகின்றன. அதனால் நமக்கு மிகுமாதம் தேவைப்படுவதில்லை. உங்கள் உலகில் நான்கு மாதங்களுக்கு 34 நாட்களும் எட்டு மாதங்களுக்கு 33 நாட்களும் வைத்தால் 400 ஆகும். இருபது ஆண்டுகளுக்கு ஏழு முறை ஒரு நாளைச் சேர்த்தால் 0.35ம் தீர்ந்துவிடும். கதிர் மாதத்துக்குக் கட்டாயம் 34 நாட்களைக் கொடுங்கள். 33 நாள் மாதத்தில் எப்போதாவது பௌர்ணமியே விழாமல் போகக்கூடும். 34 நாள் மாதத்தில் அது நடக்காது. திருவிழா 'கதிர் மாதத்தின் முதல் பௌர்ணமி' என்று இருக்கட்டும், 17ஆம் நாள் என்று எழுத வேண்டாம்.

கேட்டவர்:

இது அருமையாகப் பொருந்துகிறது. இன்னும் ஒரே ஒரு சந்தேகம். 33.2க்கும் 20க்கும் மீச்சிறு பொது மடங்கு 1660 நாட்கள் என்பதால், இரு நிலவுகளும் நான்காண்டுக்கு ஒரு முறை மட்டுமே சேர்ந்து நிறையும் என்று எழுதியிருக்கிறேன். கதாநாயகியின் மகள் முதல் விழாவுக்கு 16 ஆண்டுகள் கழித்து வரும் திருவிழா இரவில், இரட்டைப் பௌர்ணமியில் பிறக்கிறாள். இது சரிதானா?

மறுமொழி 3:

பொது மடங்கு நொடி பிசகாத சேர்க்கையை மட்டுமே காட்டும். கண் அவ்வளவு கறாரானது அன்று. ஒரு நாள் முன்பின்னாக இருந்தாலும் சிறுநிலவில் 97 விழுக்காட்டுக்கு மேல் ஒளி இருக்கும். ஊர் அதை முழுநிலவென்றே கொண்டாடும். மூன்று பெருநிலவுச் சுற்றுகள் 99.6 நாட்கள், ஐந்து சிறுநிலவுச் சுற்றுகள் 100 நாட்கள், வேறுபாடு 0.4 மட்டுமே. ஆகவே ஏறத்தாழ நூறு நாட்களுக்கு ஒன்றாக, ஐந்து இரட்டைப் பௌர்ணமிகள் ஓர் ஆண்டுக்குள் அடுத்தடுத்து வரும். அதன் பிறகு மூன்று ஆண்டுகளுக்கு மேல் ஒன்றுகூட வராது. இத்தகைய ஆண்டுக்கென்று உங்கள் மக்கள் ஒரு பெயர் வைத்திருக்க மாட்டார்களா?

திருவிழா இரவிலேயே இரண்டும் சேர்வது இன்னும் அரிது. முதல் விழாவில் சேர்ந்தால், அதிலிருந்து 21 ஆண்டுகள் கழித்தும், அதே முதல் விழாவிலிருந்து 29 ஆண்டுகள் கழித்தும் மட்டுமே உங்கள் நாற்பது ஆண்டுகளுக்குள் அது நடக்கும். 16 ஆண்டுகள் கழித்து வரும் விழாவில் நடக்காது.

கேட்டவர்:

மகளின் பிறப்பை 21க்குத் தள்ளினால், அவள் அரியணை ஏறும் காட்சியில் பதினொரு வயதுச் சிறுமியாகிவிடுவாள். முப்பது அத்தியாயங்களைத் திருத்த வேண்டியிருக்குமே.

மறுமொழி 3:

தேவையில்லை. முதல் விழாவிலிருந்து எண்ணினால், 16 ஆண்டுகள் கழித்து வரும் விழா 193ஆவது பௌர்ணமியில் விழுகிறது. அதற்கு அடுத்த 194ஆவது பௌர்ணமி 6440.8ஆவது நாள், சிறுநிலவோ 6440ஆவது நாளில் நிறைகிறது. இடைவெளி 0.8 நாள்தான். பிரசவத்தை ஒரு மாதம் மட்டும் தள்ளிவையுங்கள்.

கேட்டவர்:

தள்ளிவைத்துவிட்டேன். மூன்று வரிகள்தான் மாறின. விழாவில் கதாநாயகி நிறைமாதக் கர்ப்பிணியாகக் கூட்டத்தில் நிற்கிறாள்; அந்தக் காட்சி முன்பிருந்ததைவிட நன்றாக வந்திருக்கிறது.