மௌன ராகமும் ஒரு டிவிஎஸ் 50-யும்

மௌன ராகம் வந்த 1986-இல் நான் பிறக்கவே இல்லை. சின்ன வயதில் டிவியில் பார்த்தபோது 'மிஸ்டர் சந்திரமௌலி'க்காகத்தான் பிடித்தது. ரேவதி மோகனிடம் ஏன் இப்படி முறைத்துக்கொண்டே இருக்கிறார் என்று எரிச்சல்கூட வரும். தங்கமான மனுஷன், டெல்லியில் வீடு, இன்னும் என்னதான் வேண்டுமாம் இவளுக்கு?

2018-க்கு அப்புறம் அந்த எரிச்சல் போய்விட்டது. எங்கள் ஊர் மன்னார்குடி பக்கம். கஜா புயல் அடித்து ஓய்ந்த மூன்றாம் நாள், பாதி சாய்ந்து நின்ற தென்னையை அறுக்கப் போனார் என் வீட்டுக்காரர். கரண்ட் இல்லை, போன் எடுக்கவில்லை, ரோடு முழுக்க மரம். சரி, அதை விடுங்கள்.

நான்கு வருஷம் கழித்துக் கும்பகோணம் பக்கம் மறுகல்யாணம். இவர் நல்லவர். ஆனால் இரண்டு வீட்டிலும் பேசி வைத்த மாதிரி, போய்விட்ட அவர் பேரை யாரும் எடுப்பதில்லை. எடுத்தால் நான் அழுதுவிடுவேனாம். கல்யாணமாகிப் போன பிறகு வந்த முதல் ஆடிப்பெருக்குக்கு மாமியார் காவிரிப் படித்துறைக்குக் கூட்டிப்போய், புது மஞ்சள் சரடைக் கையில் கொடுத்தார். நான்கு ஆடி பதினெட்டு அம்மா வீட்டுக் கொல்லையிலேயே உட்கார்ந்திருந்தவள் நான். சரடை வாங்கிவிட்டேன், முடிச்சுப் போட வரவில்லை. மஞ்சள் ஈரத்தில் விரல் வழுக்குகிறது என்றேன். பக்கத்தில் காதோலை கருகமணியோடு நின்ற ஓர் அத்தை, ஒன்றும் கேட்காமல் முடிந்துவிட்டார்.

அந்த வாரமே ராத்திரி டிவியில் மௌன ராகம். என்ன பரிசு வேண்டும் என்று மோகன் கேட்க, விவாகரத்து என்பார் ரேவதி. ஏன் என்று கேட்ட பிறகுதான், செத்துப்போன காதலன் கார்த்திக் கதையே வரும். எனக்குப் படத்தின் உயிர் அந்த 'ஏன்'தான். ஒரு வருஷம் சேர்ந்து இருந்தாக வேண்டும் என்று வக்கீல் சொல்வது, கடைசி ரயில் காட்சி எல்லாம் அதற்குப் பிறகுதான். பி.சி.ஸ்ரீராம் அந்த வீட்டைப் பாதி இருட்டிலேயே வைத்திருப்பார், அது எனக்குப் பழகிய இருட்டு. ஒரு குறை உண்டு. கதையைச் சொல்லி முடித்ததும் கார்த்திக்கை அப்படியே இறக்கி வைத்துவிட்டார்கள். செத்தவர்கள் ஒரே பிளாஷ்பேக்கில் முடிந்துபோகிறார்களா என்ன?

விளம்பரம் வந்தபோது இவர் சத்தத்தைக் குறைத்தார். டிவியைப் பார்த்தபடியே, "அவரு எப்படிப் பேசுவாரு?" என்றார்.

எனக்குச் சட்டென்று வாய் வரவில்லை. அப்புறம், "வேகமா. பாதி வார்த்தையை முழுங்கிடுவாரு" என்றேன். மீதிப் படத்தை நாங்கள் பார்க்கவில்லை. மணி ஒன்று இருக்கும், தூங்கப் போகும்போது "அந்த டிவிஎஸ் 50 இன்னும் இருக்கா?" என்று கேட்டார்.

அம்மா வீட்டு மாட்டுக்கொட்டகையில் தார்ப்பாய்க்கு அடியில் கிடந்தது. இவரே போய் எடுத்துவந்து, கார்பரேட்டரைக் கழற்றிச் சுத்தம் பண்ணி, டயரும் மாற்றினார். இப்போது வயலுக்கு உர மூட்டை அதில்தான் போகிறது. சீட்டு கிழிந்திருந்ததைச் சாக்கு ஊசியால் கோணல்மாணலாகத் தைத்து வைத்திருந்தார் அவர். அதை மட்டும் இவர் மாற்றவில்லை. நானும் மாற்றச் சொல்லவில்லை.