ஐநூறு ரூபாய் நோட்டு: மாட்டிய கதைகளைச் சொல்லுங்கள்

பெட்ரோல் பங்க் கேஷியர், சேலம்

கள்ள நோட்டைத் தள்ளுகிறவர்கள் தேடி வருவது ராத்திரி ஷிஃப்டில்தான். பின்னால் வண்டி வரிசை, ஹாரன் சத்தம். ஒவ்வொரு நோட்டையும் தூக்கிப் பிடித்துப் பார்க்க நேரம் ஏது? நான் நம்புவது கட்டைவிரலை. 500 ரூபாய் நோட்டின் இரண்டு ஓரங்களிலும் சாய்வாக ஐந்து கோடுகள் மேடாக அச்சாகியிருக்கும். வாங்கும்போதே விரலில் உரசும். போன மாதம் ஒருவர் நீட்டிய நோட்டில் அந்த இடம் வழவழவென்றிருந்தது. கீழே வலப்பக்கம் உள்ள ₹500-ஐச் சாய்த்தேன். நல்ல நோட்டென்றால் பச்சை நீலமாக மாறும். இது பச்சையாகவே நின்றது. "அண்ணே, வேற நோட்டு குடுங்க" என்றேன். மறு பேச்சில்லாமல் ஸ்கேன் பண்ணிப் பணம் கட்டிவிட்டுப் போனார். பாவம், அவரும் எங்கேயோ ஏமாந்து வாங்கியிருக்கலாம்.

மளிகைக் கடை, திண்டுக்கல்

எங்கள் பக்கம் கள்ள நோட்டைவிட வாட்ஸ்அப் தொல்லைதான் அதிகம். 2023-இல் நோட்டின் வரிசை எண்ணுக்கு நடுவே நட்சத்திரக் குறி இருந்தால் கள்ள நோட்டு என்று கிளப்பிவிட்டார்கள். பென்ஷன் பணத்தில் வந்த நட்சத்திர நோட்டை மருந்துக்கடையில் வாங்க மறுத்துவிட்டார்கள் என்று ஒரு பாட்டி என்னிடம் வந்து புலம்பினார். அச்சில் பழுதான நோட்டை நீக்கிவிட்டு அதற்குப் பதிலாக நோட்டுக்கட்டுக்குள் வைக்கும் நோட்டுக்குத்தான் அந்தக் குறி. ரிசர்வ் வங்கியே விளக்கம் கொடுத்த பிறகும் சிலர் வாங்கவில்லை. அதற்கு முன்பு, பச்சை இழை காந்தி படத்துக்கு அருகில் இருந்தால் போலி என்று ஒரு புரளி. அதுவும் பொய்தான்.

ஓய்வு பெற்ற வங்கி கேஷியர், மதுரை

சேலம் தம்பி, திருப்பிக் கொடுத்தது சரிதான் என்று நினைப்பீர்கள். வங்கியில் அப்படிச் செய்ய முடியாது. கவுண்டருக்கு வந்த போலியை முத்திரை குத்திப் பறிமுதல் செய்து, ரசீது கொடுத்துவிட வேண்டும். பணமும் கிடையாது, நோட்டும் கிடையாது. ஒரே தடவையில் ஐந்தோ அதற்கு மேலோ வந்தால் போலீஸில் எஃப்ஐஆர் வரைக்கும் போகும். சீட்டுப் பணம் கட்ட வந்த ஒருவர், "கிழிச்சாவது போடுறேன், குடுங்க சார்" என்று கெஞ்சினார். கொடுத்தால் என் வேலைதான் கிழியும்.

அன்று அந்த நோட்டை யுவி (புற ஊதா) விளக்கில் வைத்து அவருக்கே காட்டினேன். கடையில் வாங்கும் வெள்ளைத்தாள் அந்த ஒளியில் நீலமாகப் பளிச்சிடும். நம் நோட்டு பருத்தியில் செய்த தாள். அது மங்கிக் கிடக்க, எண்களும் சில இழைகளும் மட்டும் மின்னும். அவர் கொண்டு வந்தது முழுசாக ஜொலித்தது. வீட்டில் விளக்கு வேண்டாம், ஜன்னல் போதும். வலப்பக்க வெள்ளை இடத்தை வெளிச்சத்துக்கு நேரே பிடித்தால் காந்தி முகம் நிழலும் ஒளியுமாகத் தெரியும், பக்கத்தில் 500. வெளிச்சத்தில் பிடிக்காமலே முகம் பளிச்சென்று தெரிந்தால் சந்தேகப்படுங்கள். பெரும்பாலும் மேலே அச்சடித்தது.

பார்வையற்ற ஆசிரியர், திருச்சி

நீங்கள் எல்லாம் நல்லதா கள்ளதா என்று பார்க்கிறீர்கள், எனக்கு அது எத்தனை ரூபாய் என்பதே முதல் கேள்வி. பழைய 100-க்கும் 500-க்கும் நீளத்தில் 10 மில்லிமீட்டர் வித்தியாசம், விரலை வைத்தே சொல்லிவிடுவேன். இப்போது 100-க்கு 142, 200-க்கு 146, 500-க்கு 150. அகலம் மூன்றுக்கும் 66. நான்கு மில்லிமீட்டரை பஸ் கூட்டத்தில் யார் அளப்பது? 500-இல் வட்டம், 100-இல் முக்கோணம் என்று மேடான குறிகள் உண்டு. புது நோட்டில் நன்றாகத் தடவ வரும். மீன்கடை, காய்கறிக்கடை எல்லாம் சுற்றி வந்த நோட்டில் ஒன்றுமே தெரியாது. ரிசர்வ் வங்கி 2020-இல் வெளியிட்ட மணி செயலியை வைத்திருக்கிறேன். கேமராவைக் காட்டினால் மதிப்பைச் சொல்லும், இணையமும் தேவையில்லை. ஆனால் நோட்டு நல்லதா என்று அது சொல்லாது. கண்டக்டர் சில்லறை கொடுக்கும்போது போனை எடுத்துப் பிடிக்கவும் முடியாது. 200-ஐ மட்டும் குறுக்கே மடித்துத் தனிப் பையில் வைக்கிறேன். வேறு யாருக்காவது இதைவிட நல்ல வழி தெரிந்தால் எழுதுங்கள்.