மறு: ஃப்ளாஷ் செய்வதற்குத் தமிழ்ச் சொல்

வணக்கம் நண்பர்களே,

ரவுட்டர் போன்ற சாதனத்தின் நினைவகச் சிப்பில் அதன் மென்பொருளை எழுதுவதைத்தான் ஃப்ளாஷ் செய்வது என்கிறோம், அதற்கான தமிழ்ச் சொல் பற்றியது இது.

> மின்னேற்றல் என்று வைத்துக்கொள்ளலாமே, சுருக்கமாக இருக்கிறது.

புதுச்சேரி நண்பருக்கு: சுருக்கம்தான், ஆனால் மின்னேற்றம் என்றால் சார்ஜ் போடுவது என்று எப்போதோ நிலைத்துவிட்டது. "ரவுட்டரை மின்னேற்று" என்றால் பையன் சார்ஜரைத் தேடுவான். பதிவேற்றமும் அப்லோடுக்குப் போய்விட்டது. மேலெழுதல் கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் சிப்புக்குள் நடப்பது அதுவல்ல.

ஃப்ளாஷ் நினைவகத்தில் எழுதும்போது 1-ஐ 0 ஆக்கத்தான் முடியும். 0 மறுபடி 1 ஆக வேண்டுமானால் ஒரு தொகுதியை மொத்தமாக அழித்தாக வேண்டும், ரவுட்டரில் இருக்கும் எட்டுக்கால் சிப்புகளில் அது பெரும்பாலும் 4 கிலோபைட். 1980களில் தோஷிபாவில் ஃபூஜியோ மசுவோகா இதை உருவாக்கியபோது, ஒரே வீச்சில் அழிவது கேமரா ஃப்ளாஷை நினைவூட்டுகிறது என்று உடன் வேலை செய்தவர் சொல்லப்போய்த்தான் அந்தப் பெயரே வந்தது. அதனால் நான் முன்வைப்பது அழித்தெழுதல்.

கடலூர் லாரன்ஸ் ரோட்டுக் கடைகளில் "சாஃப்ட்வேர் போடணும்" என்பார்கள், அதில் ஆபத்தே தெரியாது. அழித்தெழுதல் என்றால் பழையது முதலில் போய்விடும் என்பது காதிலேயே விழும், அப்போது பிரதி எடுத்து வைக்கத் தோன்றும் (சிப்பில் இருப்பதை இரண்டு முறை படித்து, இரண்டு கோப்பும் அச்சாக ஒன்றா என்று பாருங்கள், வேறுபட்டால் சிப்பின் கால்களைக் கவ்வும் கிளிப் சரியாகப் பிடிக்கவில்லை). துவக்கநிரல் (பூட்லோடர், சாதனத்தை எழுப்பும் முதல் நிரல்) இருக்கும் பகுதி அழிந்து, எழுதி முடிவதற்குள் கரண்ட் போனால் சாதனம் எழுந்திருக்காது. இதை ஆங்கிலத்தில் பிரிக் ஆவது என்பார்கள், அதற்கு கல்லாதல் சரியாக வரும். அகலிகை மாதிரி, மீட்கவும் வழியுண்டு, சிப்பில் நேரடியாகக் கிளிப் மாட்டி எழுதலாம்.

நிலைபொருள் (ஃபர்ம்வேர், சாதனத்துக்குள் எழுதப்படும் மென்பொருள்) என்ற சொல்லைத் தொட வேண்டாம், அது புழங்கிவிட்டது. ஆனால் கோப்புகளைப் பிரித்துச் சொல்ல வேண்டும். ஹெக்ஸ் (.hex) கோப்பில் ஒவ்வொரு வரியும் முக்காற்புள்ளியில் தொடங்கும், எங்கே எழுத வேண்டும் என்ற முகவரியும் சரிபார்ப்பு எண்ணும் உள்ளேயே இருக்கும். பின் (.bin) கோப்பில் வெறும் தரவுதான், முகவரியை நாம்தான் கொடுக்க வேண்டும். இஎஸ்பி32 என்ற மைக்ரோகண்ட்ரோலர் சிப்பில் துவக்கநிரலுக்குப் பதினறும எண்ணில் 1000, செயலிக்கு (நாம் எழுதிய நிரலுக்கு) வழக்கமாக 10000, மாற்றிக் கொடுத்தால் போச்சு. எனவே ஒன்று முகவரிக்கோப்பு, மற்றது வெறுங்கோப்பு.

கருவிக்கு அழித்தெழுதி என்பதா, எழுதுகருவி போதுமா? இங்கே ஐடிஐ பசங்களுக்கான கையேட்டில் சேர்க்க வேண்டியிருக்கிறது, சீக்கிரம் சொல்லுங்கள்.